இடத்துக்கு வந்தவள்

பூட்டிவிட்டுப் போன வீட்டுக்குள் தையல் மெஷின் ஓடிக்கொண்டிருந்தது.

கேட்டைத் திறக்கப் போன கை அப்படியே நின்றது. அது என் மனைவியின் மெஷின். அவளைப் புதைத்து ஒரு வாரம்கூட ஆகவில்லை. அன்றுதான் மறுபடி வேலைக்குப் போய்விட்டு வந்திருந்தேன்.

சத்தத்தில் ஏதோ குறைந்தது. துணி ஓடும்போது மெஷின் கொஞ்சம் திணறும், நிற்கும், பிறகு ஓடும். இது திணறவே இல்லை. ஒரே சீராக ஓடியது.

கதவு ஒருக்களித்திருந்தது. முன்னறையில் ஜன்னலோரம், என் மனைவி உட்காரும் நாற்காலியில், ஐம்பது வயதைத் தாண்டிய ஒரு பெண் உட்கார்ந்து பெடலை மிதித்துக்கொண்டிருந்தாள். என் மனைவியின் பச்சை ஸ்வெட்டரைப் போட்டிருந்தாள். தோள் பக்கம் இறுக்கிப் பிடித்திருந்தது. ஊசியில் நூல் இல்லை. ஊசிக்குக் கீழே துணியும் இல்லை.

என்னைப் பார்த்ததும் பெடலை நிறுத்தினாள்.

"வந்துட்டீங்களா? கை கால் கழுவிட்டு வாங்க, சோறு வெக்கறேன்," என்றாள். பிறகு, ஏதோ விட்டுப்போனதை நினைத்துக்கொண்டவள்போல, "என்னங்க" என்று சேர்த்துக்கொண்டாள்.

 நான் திரும்பாமல் பின்பக்கமாகவே அடியெடுத்து வெளியே வந்தேன்.

அடுத்த வீடு அத்தையுடையது. என் மனைவியின் அம்மா. மாட்டுக்குத் தீவனம் கலந்துகொண்டிருந்தார். முழங்கை வரை தவிடு.

"அத்தை, வீட்டுக்குள்ள யாரோ இருக்காங்க."

"யாரோ இல்லை. இடத்துக்கு வந்திருக்கா. சாவி நான்தான் குடுத்தேன்."

"எந்த இடத்துக்கு?"

அத்தை கையை எடுக்காமலே என்னை நிமிர்ந்து பார்த்தார். "அவ உங்ககிட்ட சொன்னதே இல்லையா? நாலு வருஷமா இந்த ஊர்ல இருக்கீங்க, கண்ணால பார்த்ததுகூட இல்லையா?"

இல்லை என்று தலையாட்டினேன். அத்தை பெருமூச்சு விட்டார். படித்த மாப்பிள்ளைக்கு எல்லாவற்றையும் ஆனா ஆவன்னாவிலிருந்து சொல்லிக்கொடுக்க வேண்டியிருக்கிறதே என்ற பெருமூச்சு.

"ஒரு வீட்ல ஆள் போயிட்டா அந்த இடம் ஒரு வருஷம் காலியா இருக்கக் கூடாது. இவ வந்து உட்காருவா. காலைல வருவா, இருட்டறதுக்குள்ள போயிடுவா. போனவங்க என்ன வேலை செஞ்சாங்களோ அதைச் செய்வா, அவங்க தட்டுல சாப்பிடுவா. அவ்வளவுதான். படுக்கை கிடுக்கை எல்லாம் கிடையாது, பயப்படாதீங்க."

"அத்தை, அவங்களுக்கு உங்களைவிட வயசு ஜாஸ்தி."

"இருக்கட்டும். வயசா வேலை செய்யுது?" என்றவர், சுவருக்கு மேலாகக் குரலை உயர்த்தினார். "ஏண்டி, மெஷினை ஏன் நிறுத்திட்ட?"

உள்ளே மெஷின் மறுபடி ஓட ஆரம்பித்தது. அத்தையின் முகம் தளர்ந்தது. பசியாறியவர் முகம்போல இருந்தது. திரும்பித் தவிட்டைப் பிசையத் தொடங்கிவிட்டார். சாவு வீட்டில் அவர் ஒரு சொட்டுக் கண்ணீர் விடாததை நினைத்துக்கொண்டேன். கல் நெஞ்சு என்று அன்று யாரோ முணுமுணுத்தார்கள். கல் இல்லை. ஆள் வருவாள் என்று அவருக்குத் தெரிந்திருக்கிறது.

நான் உள்ளே போய் அந்தப் பெண்ணிடம், "ஸ்வெட்டரைக் கழட்டிட்டுப் போங்க," என்றேன்.

எதிர்த்துப் பேசவில்லை. கழற்றி மடித்து, கைகளை உள்ளே மடக்கி, நாற்காலி முதுகில் போட்டாள். என் மனைவியும் அப்படித்தான் போடுவாள். யார் சொல்லிக்கொடுத்தார்கள் என்று கேட்க வேண்டியதில்லை.

"சாப்பாடு..." என்றாள்.

"நானே போட்டுக்கறேன். நீங்க போங்க."

"சரிங்க. நாளைக்கு வரேன்."

"வர வேண்டாம்."

"வராம எப்படிங்க?" என்றாள். உண்மையாகவே புரியாமல்தான் கேட்டாள்.

அவளிடமிருந்த சாவியையும், அத்தையிடம் இருந்த இன்னொன்றையும் வாங்கிக்கொண்டேன்.

*

நான் இங்கே பால் குளிரூட்டும் நிலையத்தின் பொறுப்பாளன். பால்வளப் படிப்பு முடித்ததும் வேலை கிடைத்த ஊர். மலைமேல் கடைசி ஊர். இதற்கு அப்புறம் சாலை கிடையாது. மழை பலத்தால் இருக்கிற சாலையும் கிடையாது. வந்த இரண்டாவது வருடம் இந்த ஊர்ப் பெண்ணையே கட்டிக்கொண்டேன். அதனால் ஊருக்கே மாப்பிள்ளை. மாப்பிள்ளையைக் கேலி செய்ய எல்லோருக்கும் உரிமை உண்டு. எல்லோரும் செய்வார்கள்.

காலையிலும் சாயங்காலமும் கேன்களோடு வரிசையில் நிற்பார்கள். ஒவ்வொரு கேனிலும் கொஞ்சம் எடுத்து லாக்டோமீட்டரை மிதக்கவிட்டுப் பார்ப்பேன். தண்ணீர் கலந்திருந்தால் காட்டிக்கொடுத்துவிடும். பிறகு எல்லாப் பாலும் எஃகுத் தொட்டிக்குள் போகும். லாரி வரும்வரை தொட்டி அதைக் குளிராக வைத்திருக்கும். இவ்வளவுதான் என் வேலை. கை செய்தது. மனம் எங்கே இருந்தது என்று தெரியாது.

மறுநாள் டீக்கடைக்காரர்தான் விவரம் சொன்னார். அவர் பேச ஆரம்பித்தால் டீ ஆறிவிடும்.

"பழைய காலத்துல மாப்பிள்ளை, ஒரு மழைக்கு ரோடு போச்சு. மாசக்கணக்கா யாரும் வரலை, யாரும் போகலை. அப்ப ஒரு வீட்ல பொண்டாட்டி செத்தா. புருஷன் அடுப்பைப் பத்த வெக்கலை, கதவைத் திறக்கலை, அவனும் போய்ச் சேர்ந்தான். அவன் போன துக்கத்துல அவன் அண்ணன். அப்புறம் அண்ணன் சம்சாரம். வரிசையா, சீட்டுக்கட்டு சரியற மாதிரி. அதோட ஊர்ல முடிவு பண்ணாங்க. ஒரு இடம் காலியானா உடனே ஆளைப் போடணும்னு. அன்னைலேர்ந்து இந்த ஊர்ல துக்கத்துல ஒருத்தர்கூட செத்தது இல்லை. கூட்டிக் கழிச்சுப் பாருங்க."

"அந்தம்மா யாரு?"

"யாருமில்லை. அதான் விசேஷம்," என்றார், நல்ல சரக்கை எடுத்துக் காட்டும் கடைக்காரரின் பெருமையோடு. "சின்ன வயசுல மாவு மில்லுக்கு வேலைக்கு வந்த குடும்பம். அப்பன் ஆத்தா ரெண்டு பேரும் போயிட்டாங்க. சொந்தம் பந்தம் கிடையாது. ஆள் இருக்கற ஆளை இன்னொருத்தர் இடத்துல உட்கார வெச்சா அவங்க வீட்ல சும்மா இருப்பாங்களா? இவளுக்கு அந்தத் தொல்லை இல்லை."

அப்போதுதான் எனக்கு ஞாபகம் வந்தது. போன வருடம் முழுக்க, கொல்லர் பட்டறை வாசலில் ஒரு பெண் காலை நீட்டி உட்கார்ந்து பீடி பிடித்துக்கொண்டிருந்தாள். கொல்லர் அவளை "அப்பா" என்று கூப்பிட்டதாகக் காதில் விழுந்தது. சரியாகக் கேட்டிருக்க மாட்டேன் என்று நினைத்துக்கொண்டேன். சரியாகத்தான் கேட்டிருக்கிறேன்.

*

அவள் வந்தாள். கதவு பூட்டியிருந்ததால் மதில்மேல் உட்கார்ந்துகொண்டாள். நான் வேலைக்குப் போகும்போது எழுந்து நிற்பாள். திரும்பி வரும்போதும் எழுந்து நிற்பாள். மலைக்காற்று ஊசியாகக் குத்தும். அவளிடம் ஒரு மெல்லிய சால்வைதான் இருந்தது. இருட்டும் முன் இறங்கிப் போவாள். மறுநாள் காலையில் மறுபடி மதில்மேல்.

நான் வீட்டுக்குள் எனக்குச் சமைத்துக்கொண்டேன். அரிசி அளக்கும் கை இன்னும் இரண்டு பேருக்குத்தான் அளந்தது. மிச்சச் சோற்றைக் கேட்டுக்கு வெளியே தெருநாய்க்குப் போட்டேன். அவள் பார்த்துக்கொண்டிருப்பாள். நாய் சாப்பிடுவதைப் பார்ப்பாள், பிறகு வேறு பக்கம் பார்ப்பாள்.

ஒருநாள் பொறுக்க முடியாமல் கேட்டேன். "ஏன் இப்படி உட்கார்ந்திருக்கீங்க? வீட்டுக்குப் போங்களேன்."

"ஒரு வருஷத்துக்கு இதுதாங்க வீடு."

"நான் கதவைத் திறக்க மாட்டேன்."

"கோவம் தீரட்டும்," என்றாள். மனைவி சொல்வதுபோலவே.

சண்டை போடத் தெம்பில்லை எனக்கு. பக்கத்தில் மதிலில் சாய்ந்துகொண்டேன். "போன வருஷம் கொல்லர் வீட்ல இருந்தீங்களா?"

"ஆமா. அவரோட அப்பாவா. தினம் ரெண்டு பீடி. வருஷம் முடிஞ்சிருச்சு, இருமல் முடியலை."

"அதுக்கு முன்னாடி?"

"ஒரு வீட்டு மருமக. அந்த மாமியார் இருக்காங்களே, செத்த மருமகளைக்கூட விடலை. குழம்பு சரியில்லைன்னு ஒரு வருஷமும் திட்டு." சால்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டாள். "அதுக்கும் முன்னாடி ஒரு பத்து வயசுப் பொண்ணா. அந்த வருஷந்தான் நல்லா இருந்துச்சு. பள்ளிக்கூடம் அனுப்புனாங்க. கடைசி பெஞ்ச்ல உட்கார்ந்துக்குவேன். வாத்தியார் ஒருநாள் கேள்விகூட கேட்டார்."

சிரிப்பு வந்திருக்க வேண்டிய இடம். எனக்கு வரவில்லை.

"நீங்க நீங்களா எப்ப இருப்பீங்க?"

கேள்வி அவளுக்குப் புரியவில்லை. திருப்பிக் கேட்டேன்.

"நடுவுலயா?" என்றாள். "ஒரு வீட்ல வருஷம் முடிஞ்சு, அடுத்த சாவு வர்ற வரைக்கும். அப்ப யாரும் பேச மாட்டாங்க. தப்பா இல்லைங்க. என்ன முறை சொல்லிக் கூப்பிடறதுன்னு அவங்களுக்குத் தெரியாது, பாவம். தெருவுல எதிர்ல வந்தா சிரிச்சுட்டுப் போவாங்க. ஒரு தடவை ரொம்ப நாள் யாருமே சாகலை. பேச்சே மறந்துபோச்சு. கொல்லரோட அப்பா செத்தன்னைக்கு வாயைத் திறந்தா குரல் வரலை."

அடுத்தவர் சாவுக்காகக் காத்திருந்ததை, பஸ்ஸுக்குக் காத்திருந்ததைப்போலச் சொன்னாள். நான் உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டேன். அன்று அவள் பேசும்போது மூச்சு வாங்கியது. இருமல் மிச்சம் என்று நினைத்தேன்.

அதற்கு அடுத்த நாளோ என்னவோ, டீக்கடையில் நுழைந்ததும் டீக்கடைக்காரர் கண்ணாடி டம்ளரைக் கழுவிக்கொண்டே கேட்டார்: "என்ன மாப்பிள்ளை, பொண்டாட்டியைப் பட்டினி போடறீங்களாம்?"

பெஞ்சில் இருந்தவர்கள் சிரித்தார்கள். கொல்லர் மட்டும், "சும்மா இருய்யா. புருஷன் பொண்டாட்டி சண்டை. நாளைக்கு அவங்க சேர்ந்துக்குவாங்க, நீ நடுவுல கெட்டவனாவ," என்றார்.

வெந்த புண்ணில் வேலைப் பாய்ச்சிய மாதிரி இருந்தது. கேலி என்றுதான் நினைத்தேன். டீயை வாங்காமல் வெளியே வந்துவிட்டேன்.

*

மறுநாள் காலை மதிலில் யாரும் இல்லை.

அப்பாடா என்றிருந்தது. அவ்வளவுதான், அலுத்துப்போய்விட்டது, இனி வர மாட்டாள். நிலையத்துக்கு நடந்தபோது பல நாளைக்கப்புறம் பறவைச் சத்தம்கூடக் காதில் விழுந்தது.

வரிசையில் அத்தை முன்னால் நின்றிருந்தார். கேனை மேடைமேல் வைத்தார். நான் லாக்டோமீட்டரைக் கையில் எடுத்தேன்.

"மாப்பிள்ளை, என் பொண்ணால இன்னைக்கு எந்திரிக்க முடியலையாம்," என்றார்.

ஒரு நொடி எனக்கு உலகம் நின்றது. பிறகுதான் யாரைச் சொல்கிறார் என்று புரிந்தது.

"ஏன், உடம்புக்கு என்ன?"

"சாப்பிடாம இருந்தா உடம்பு என்னத்துக்கு ஆகும்? கோவமெல்லாம் போதும். கூட்டிட்டுப் போய் ஒரு தட்டு சோறு போடுங்க."

"சாப்பிடாமன்னா? எப்போலேர்ந்து?"

"நீங்க கதவைச் சாத்துன நாள்லேர்ந்து."

யாராவது மறுப்பார்கள் என்று வரிசையைப் பார்த்தேன். ஒருவரும் மறுக்கவில்லை. கொல்லர் தொண்டையைக் கனைத்துக்கொண்டு, "குழாய்ல தண்ணி குடிச்சா. நான் பார்த்தேன்," என்றார், அவளுக்குச் சாதகமாகச் சாட்சி சொல்வதுபோல.

"அவங்க வீட்ல சமைக்க மாட்டாங்களா?"

"அவ வீட்ல ஏது அடுப்பு?" என்றார் அத்தை. "இருக்கற வீட்லதான் சாப்பாடு. நடுவுல இருந்தா பழைய வீட்லேர்ந்து பின்வாசல் வழியா குடுத்து விடுவாங்க. புது வீட்டுக்குக் கால் வெச்சதும் அது நின்னுடும்."

"அவ உங்க வீட்டுக்கு வந்த நாளோட நாங்க நிறுத்திட்டோம்," என்றார் கொல்லர். "அதான் முறை."

"ஊர்ல இத்தனை வீடு இருக்கு. ஒருத்தர்கூடவா ஒரு பிடி சோறு குடுக்கலை?"

இப்போது அவர்கள் முகத்தில்தான் அதிர்ச்சி தெரிந்தது. ஏதோ அசிங்கமான வார்த்தையை நான் சொல்லிவிட்டதுபோல ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். "எப்படிங்க குடுக்கறது?" என்றது வரிசையின் பின்னாலிருந்து ஒரு பெண் குரல். "எங்க வீட்டுச் சோத்தைத் தொட்டா எங்க வீட்டு ஆளாயிடுவா. எங்க வீட்ல யாரும் சாகலையே."

கையிலிருந்த லாக்டோமீட்டரைக் கீழே வைத்தேன். வைக்காவிட்டால் விழுந்து உடைந்திருக்கும். இவர்கள்தான் என் மனைவிக்குக் குழி தோண்டினார்கள். மழையில் நனைந்துகொண்டே தோண்டினார்கள். நான் சாப்பிட மாட்டேன் என்றபோது கொல்லர் என் வாயில் ஊட்டிவிட்டார். எந்த வீட்டில் விறகு தீர்ந்தாலும் அடுத்த வீட்டிலிருந்து சொல்லாமலே வரும். அதே மனிதர்கள். தினமும் அந்த மதிலைக் கடந்து போய் வந்திருக்கிறார்கள். ஒரு பெண் பசியில் வற்றுவதைப் பார்த்து, புருஷன் பொண்டாட்டி விஷயம் என்று நாகரிகமாக ஒதுங்கிப் போயிருக்கிறார்கள்.

நான் மட்டும் என்ன? அவள் கண்முன்னால் நாய்க்குச் சோறு போட்டேன்.

பக்கத்தில் ஒரு பெரிய எவர்சில்வர் குவளை இருந்தது. தொட்டியின் மூடியைத் திறந்து ஒரு குவளை பால் எடுத்தேன். ஹீட்டரில் கை பொறுக்கும் சூட்டுக்குக் காய்ச்சினேன். எடுத்துக்கொண்டு ஓடினேன். பால் சிந்தாமல் ஓட முடியாது. பாதி ஓட்டம், பாதி நடை. பின்னால் அத்தையும் வந்தார். டீக்கடையைத் தாண்டும்போது டீக்கடைக்காரரும் சேர்ந்துகொண்டார். திரும்பிப் பார்த்தால் வரிசையே வந்துகொண்டிருந்தது.

*

மாவு மில்லுக்குப் பின்னால் ஒற்றை அறை. கதவுக்குப் பூட்டு இல்லை, தாழ்ப்பாளும் இல்லை.

சுவர் வெள்ளையாக இருந்தது. புகையே படாத சுவர். அந்த ஊரில் அப்படி ஒரு சுவரை நான் பார்த்ததில்லை. அடுப்பு இல்லை. பானை இல்லை, தட்டு இல்லை, ஒரு கரண்டி இல்லை. ஆணியில் கொல்லரின் அப்பாவுடைய தொப்பி தொங்கியது. அதற்கு அடுத்த ஆணியில் ஒரு சிறுமியின் பள்ளிப் பை. ஓரமாகப் பாய்.

அந்தப் பெண் பாயில் ஒருக்களித்துக் கிடந்தாள். கன்னம் ஒட்டியிருந்தது. என்னைப் பார்த்ததும் எழுந்து நிற்கப் பார்த்தாள். முடியவில்லை.

முட்டி போட்டு உட்கார்ந்து தலையைத் தூக்கினேன். தலைக்குக் கனமே இல்லை. குவளையை உதட்டருகே கொண்டுபோனேன். வாயை இறுக மூடிக்கொண்டாள்.

"யார் வீட்டுப் பாலு?" என்றாள். காற்றுதான் வந்தது.

"குடிங்க முதல்ல."

"உங்க வீட்டுதா?"

எங்களுக்கு மாடு இல்லை. அவளுக்கும் தெரியும். அவள் கேட்டது அது இல்லை.

"உங்க வீட்டுதுன்னு ஒரு வார்த்தை சொல்லுங்க," என்றாள். "குடிக்கறேன்."

வாசலில் அத்தை நின்றார். மூச்சு வாங்கிக்கொண்டே, "சொல்லிடுங்க மாப்பிள்ளை. உயிர் போகுது பாருங்க," என்றார்.

சின்னப் பொய். பொய்கூட இல்லை. சொல்லிவிட்டால் அவள் குடிப்பாள், பிழைப்பாள். சாயங்காலம் என் வீட்டில் அந்த நாற்காலியில் உட்கார்ந்து நூல் இல்லாத மெஷினை ஓட்டுவாள். அத்தை சுவருக்கு அந்தப் பக்கம் நிம்மதியாகத் தவிடு பிசைவார். ஒரு வருடம் அவள் என்னை என்னங்க என்று கூப்பிடுவாள். வாயைத் திறந்தேன். "எங்க வீட்..." வரை வந்தது. அதற்கு மேல் நாக்கு எழவில்லை.

"தொட்டிப் பால்," என்றேன்.

வாசலில் யாரோ "ஐயோ" என்றார்கள். அவள் கண்ணை மூடிக்கொண்டாள்.

"இங்க பாருங்க. தொட்டியிலேர்ந்து எடுத்தது. நேத்து சாயங்காலம் ஊத்துன பாலு. அத்தை வீட்டுது இருக்கு, கொல்லர் வீட்டுது இருக்கு, டீக்கடைக்காரர் வீட்டுது இருக்கு. எல்லாம் கலந்தாச்சு. இது யார் வீட்டுப் பாலுன்னு என்னாலயே சொல்ல முடியாது. யாரும் சொல்ல முடியாது. இதைக் குடிச்சா நீங்க எந்த வீட்டு ஆளும் ஆக மாட்டீங்க."

கண்ணைத் திறந்தாள். "அப்ப நான் யாரா இருப்பேன்?"

எனக்குத் தெரியவில்லை. தெரியாது என்றுதான் சொன்னேன்.

ரொம்ப நேரம் என் முகத்தையே பார்த்தாள். இந்த ஊரில் ஏற்கனவே ஒரு முறை ஒரு முகத்தை இப்படிப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன், ஒன்றும் செய்ய முடியாமல். இன்னொரு முறை என்னால் முடியாது.

"கொல்லர் வீட்டுப் பாலும் இருக்கா இதுல?" என்றாள்.

"இருக்கு."

"அப்ப பீடி வாடை அடிக்கும்," என்றாள். உதடு திறந்தது.

மெதுவாகக் குடித்தார். பாதி கன்னத்தில் வழிந்தது. துடைத்துவிட்டேன். நிறுத்தி நிறுத்தி, முக்கால் குவளை இறங்கியது. தலையை என் கையில் சாய்த்துக்கொண்டு கொஞ்ச நேரம் மூச்சு விட்டார். பிறகு, "தம்பி," என்றார், "கொஞ்சம் சர்க்கரை போட்டிருக்கலாம்."

"அடுத்த தடவை போடறேன்க்கா."

வாசலில் சலசலப்பு. ஊருக்கே பேச்சு வந்துவிட்டது.

"தொட்டிப் பாலுக்கு என்னய்யா முறை?" என்றார் கொல்லர். "எல்லார் வீட்டுதும் குடிச்சா எல்லார் வீட்டுக்கும் ஆளா?"

"உன் பாலுல பாதி தண்ணி," என்றார் டீக்கடைக்காரர். "உன் வீட்டுக்கு அரை ஆள்தான்."

"உன் டீல மட்டும் என்ன இருக்காம்?"

யாரோ சிரித்தார்கள். பயம் விலகும்போது வரும் சிரிப்பு. ஒரு பெண் உள்ளே எட்டிப் பார்த்து, தயங்கி, "அக்கா, இப்ப எப்படி இருக்கு?" என்றாள். பாயில் கிடந்தவர் தன்னைத்தான் கேட்கிறாளா என்று என்னைப் பார்த்தார்.

அத்தை மட்டும் சிரிக்கவில்லை. அறைக்குள் வந்தார். அந்த அக்காவைப் பார்த்தார். தினமும் ஏண்டி என்று அழைத்த முகத்தை, எங்கேயோ பார்த்த முகத்தைப்போலப் பார்த்தார். முடி நரைத்திருப்பதை அப்போதுதான் கவனித்தார் என்று தோன்றியது.

"இவங்க தம்பின்னு கூப்பிடறாங்க," என்றார் என்னிடம்.

"ஆமா அத்தை."

"அப்ப உங்க வீட்டுக்கு வர மாட்டாங்களா?"

"மாட்டாங்க."

"அந்த இடத்துக்கு?"

"யாரும் வர மாட்டாங்க அத்தை."

அத்தை சுவரில் கையை ஊன்றிக்கொண்டார். வெள்ளைச் சுவரில் தவிடு ஒட்டிய கை. வாசலில் பேச்சு ஒவ்வொன்றாக அடங்கியது.

"அப்ப என் பொண்ணு செத்துட்டாளா?"

கேலி இல்லை. பைத்தியம் இல்லை. பதில் வேண்டிக் கேட்டார். சாவு நடந்த வீட்டில், குழிக்கரையில், இத்தனை நாளில் அந்த வார்த்தையை அவர் சொல்லவில்லை. நானும் சொல்லவில்லை. போயிட்டா என்றேன், இல்லை என்றேன். தலைமை அலுவலகத்துக்கு போனில் சொல்லும்போதுகூட, வீட்டில் ஒரு அசம்பாவிதம் என்றுதான் சொன்னேன்.

"செத்துட்டா அத்தை," என்றேன்.

சொன்ன வாய் என்னுடையதுதானா என்றிருந்தது. காதில் விழுந்ததும் எனக்கே புதுச் செய்தி.

அத்தை தலையாட்டினார். சுவரோரமாகச் சரிந்து தரையில் உட்கார்ந்தார். அழவில்லை. வெளியூரிலிருந்து இப்போதுதான் வந்து இறங்கியவர் விசாரிப்பதுபோல, "எப்படி?" என்று கேட்டார்.

என் மனைவியின் உயிர் போனபோது அவரும் அங்கேதான் இருந்தார். அவள் தலையை மடியில் வைத்திருந்தது அவர்தான்.

அக்காவின் தலையை மெதுவாகப் பாயில் வைத்தேன். அத்தைக்கு எதிரே நகர்ந்து உட்கார்ந்தேன். கீழே நிலையத்தில் லாரி ஹாரன் அடித்தது. மறுபடி அடித்தது. வாசலில் நின்றவர்கள் யாரும் நகரவில்லை.

"அன்னைக்குக் காலைல எந்திரிக்கும்போதே தலை வலிக்குதுன்னா அத்தை," என்று ஆரம்பித்தேன். "நான் டீ போட்டுக் குடுத்தேன். கசக்குதுன்னு சொன்னா. நல்லாத்தானே போட்டிருக்கேன்னு சொல்லிட்டு, நான் வேலைக்குக் கிளம்பிட்டேன்..."